வறுத்த பாக்கா, உலர்ந்த பாக்கா? வழிகாட்டுங்கள்

வணக்கம் நண்பர்களே. இந்தோனேசியாவிலிருந்து ஒரு கன்டெய்னர் வறுத்த பாக்கு இறக்குமதி செய்து, பதப்படுத்திய கொட்டைகளுக்கான 2008 என்ற சுங்கவரித் தலைப்பின்கீழ் அறிவித்தோம். 'இது வெறும் உலர்ந்த பாக்கு, உலர்ந்த கொட்டைகளுக்கான 0802 தலைப்பில்தான் வரும்' என்று சுங்க அதிகாரிகள் சொல்லி, தவறாக அறிவித்த சரக்கு என்று சுங்கச் சட்டம் 111(எம்) பிரிவின்படி பறிமுதல் உத்தரவு போட்டுவிட்டார்கள். சரக்கை மீட்க 125-ஆம் பிரிவு அபராதம் தனி.

மூட்டையைப் பிரித்தபோது அருகில்தான் நின்றேன். வெட்டிய பாக்கு உள்வரை கருத்திருந்தது. வறுத்த வாசனை கையில் ஒட்டிக்கொண்டது. ஆனால் மாதிரி எடுத்தது ஒரே மூட்டையில். ஆய்வக அறிக்கையில் ஈரப்பதம் இருக்கிறது. வறுத்ததா இல்லையா என்பதற்கு ஒரு வரிகூட இல்லை. இதைத்தான் என்னால் ஏற்கவே முடியவில்லை.

வறுத்த பாக்கு 2008 தலைப்பில் அடங்கும் என்று சென்னை உயர் நீதிமன்றம் 2023-இல் தீர்ப்பளித்திருக்கிறது. மேல்முறையீட்டு ஆணையரிடம் போக 60 நாள்தான் கெடு. 23 நாள் கழிந்துவிட்டது. மேல்முறையீடு செய்ய முன்கூட்டியே கட்ட வேண்டிய 7.5 சதவீத முன்வைப்புத் தொகையைத் திரட்டிக்கொண்டிருக்கிறேன்.

மேல்முறையீட்டில் சரக்குக்கு மறுபடி ஆய்வகச் சோதனை கேட்டுப் பெற்றவர்கள் இருக்கிறீர்களா? ஆட்சேபத்தைப் பதிவு செய்துவிட்டு அபராதம் கட்டிச் சரக்கை எடுத்தால் வழக்கு பலவீனப்படுமா? கிடங்கு வாடகை நாளுக்கு நாள் ஏறுகிறது. பாக்கு வழக்கு நடத்திய வழக்கறிஞரைத் தெரிந்தால் தயவுசெய்து சொல்லுங்கள்.