13.5 லட்சத்தை மாற்ற எந்த வாசல்: நாடாளுமன்றமா, நீதிமன்றமா?

பழையாறு:
1956 நவம்பர் 1 அன்று நம்ம கன்னியாகுமரி மாவட்டத்துக்கு இரண்டு காரியம் நடந்தது. அகஸ்தீஸ்வரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு நாலு தாலுகாவும் திருவிதாங்கூர்-கொச்சியை விட்டு சென்னை மாநிலத்துக்கு வந்தது மாநில மறுசீரமைப்புச் சட்டத்தின் 4-ஆம் பிரிவால். அது சாதாரணச் சட்டம். ஆனால் அதே நாளில் கோயில்களுக்கான பணம் மட்டும் ஏழாவது திருத்தம் வழியாக அரசியல் சாசனத்துக்குள்ளேயே ஏறிவிட்டது. பிரிவு 290-ஏ: தமிழ்நாட்டின் தொகுநிதியிலிருந்து (அரசின் பொதுக் கணக்கிலிருந்து) ஆண்டுக்கு 13,50,000 ரூபாய், மாற்றித் தரப்பட்ட பகுதிக் கோயில்களின் பராமரிப்புக்காக தேவஸ்வம் (கோயில் நிர்வாக) நிதிக்கு. கேரளம் திருவிதாங்கூர் தேவஸ்வத்துக்கு 46,50,000.

இன்றைக்கும் அதே எண்தான். மாதத்துக்கு 1,12,500 ரூபாய் வரும். சுசீந்திரம் தாணுமாலயன் கோயிலில் தொடங்கி, ஒற்றை விளக்கு எரிகிற சாஸ்தா கோயில் வரைக்கும் இதைப் பங்கு போட்டுப் பாருங்கள். சாசனத்தை எழுத்துக்கு எழுத்து வாசித்தால் இந்தக் கதிதான். காலத்துக்கு ஏற்றபடி பொருள் சொல்லும் அதிகாரம் நீதிமன்றத்துக்கு வேண்டும் என்பது என் வாதம்.

விளவங்கோட்டான்:
அண்ணாச்சி, நீங்க எடுத்த உதாரணமே உங்களுக்கு எதிரா நிக்குது. '13 லட்சத்து 50 ஆயிரம்' என்பதை எந்த நீதிபதியும் '13 கோடி' என்று வாசிக்க முடியாது. எண்ணுக்கு வியாக்கியானம் கிடையாது. அமெரிக்க சாசனத்தின் ஏழாவது திருத்தம், 1791-ல் வந்தது, வழக்கின் மதிப்பு 20 டாலருக்கு மேல் இருந்தால் ஜூரி விசாரணை உரிமை என்கிறது. இன்றும் அந்த 20 அப்படியே இருக்கு. மாற்றணும்னா அவங்களுக்கு 50 மாநிலத்தில் 38 சம்மதிக்கணும்.

நமக்கு அவ்வளவு கஷ்டம் இல்லை. 368-ஆம் பிரிவில் பாதி மாநிலங்களின் ஒப்புதல் கேட்கிற பட்டியலில் 290-ஏ கிடையாது. இரண்டு அவையும் போதும். ஒவ்வொன்றிலும் இரண்டு கணக்கு சேர்ந்து தேறணும்: மொத்த உறுப்பினரில் பாதிக்கு மேல், வாக்களித்தவரில் மூன்றில் இரண்டு. மக்களவையில் 450 பேர் வாக்களித்தால் 300 வேணும். 390 பேர்தான் வாக்களித்தார்கள் என்றால் மூன்றில் இரண்டு 260. ஆனாலும் மொத்த உறுப்பினரில் பாதிக்கு மேலான 272 இல்லாமல் மசோதா நிற்காது. இந்த மொத்த உறுப்பினர் கணக்கைப் பலர் மறந்துவிடுகிறார்கள்.

பழையாறு:
எண்ணுக்குச் சரி. ஆனால் சாசனத்தில் எண்ணைவிட தளர்ந்த சொற்கள்தானே அதிகம். ஆளுநர் மசோதாவைத் திருப்பி அனுப்புவது பற்றி 200-ஆம் பிரிவு 'இயன்றவரை விரைவில்' என்கிறது. 2023 நவம்பரில் ஆளுநர் ஒப்புதல் தராமல் திருப்பிய 10 மசோதாக்களை 18-ஆம் தேதி நம் சட்டமன்றம் மறுபடி நிறைவேற்றியது. அதன் பிறகும் ஆளுநர் அந்த மசோதாக்களைக் குடியரசுத் தலைவருக்கு அனுப்பிவிட்டார். உச்ச நீதிமன்றம் 2025 ஏப்ரல் 8-ல் ஒரு மாதம், மூன்று மாதம் என்று கெடு வைத்து, அந்தப் பத்தும் ஒப்புதல் பெற்றதாகவே கருதப்படும் என்றது. திருத்தம் வரட்டும் என்று உட்கார்ந்திருந்தால் எத்தனை வருஷம் ஆகும்?

விளவங்கோட்டான்:
மீதிக் கதையையும் சொல்லுங்க. குடியரசுத் தலைவர், உச்ச நீதிமன்றத்திடம் கருத்து கேட்க வகை செய்யும் 143-ஆம் பிரிவில், 14 கேள்வி அனுப்பினார். 2025 நவம்பர் 20-ல் ஐந்து நீதிபதிகள் சொன்ன கருத்து: சாசனத்தில் இல்லாத கெடுவை நீதிமன்றம் வைக்க முடியாது, 'ஒப்புதல் பெற்றதாகக் கருதல்' என்பதும் கூடாது. காரணமில்லாமல் நெடுநாள் கிடந்தால் 'ஒரு முடிவெடுங்கள்' என்று உத்தரவிடலாம், அவ்வளவுதான். இரண்டு நீதிபதிகள் ஏப்ரலில் கட்டியது எட்டு மாதம்கூட தாங்கவில்லை. 200-ஆம் பிரிவிலேயே 'மூன்று மாதத்துக்குள்' என்று ஒரு திருத்தம் இருந்திருந்தால் இந்தப் பிரச்சினையே எழாது. தீர்ப்பில் வந்தது இன்னொரு அமர்வில் போகும்.

அரசியல் நிர்ணய சபையிலேயே இது வந்திருக்கு. குடியரசுத் தலைவருக்கான வரைவுப் பிரிவு 91-ல் 'ஆறு வாரத்துக்குள்' என்றுதான் முதலில் இருந்தது. அம்பேத்கர் கொண்டுவந்த திருத்தத்தால் அது 'இயன்றவரை விரைவில்' ஆனது. தெரிந்தே எண்ணை எடுத்திருக்காங்க.

பழையாறு:
ஆறு வாரத்தை எடுத்தது ஆறு மாதம் கிடப்பில் போடுவதற்கா? 'விரைவில்' என்ற சொல்லுக்கு ஏதாவது ஒரு பொருள் இருக்க வேண்டும். அதைச் சொல்லத்தான் நீதிமன்றம். எழுத்தில் இருப்பது மட்டும்தான் சாசனம் என்றால் 1973 கேசவானந்த பாரதி வழக்கை என்ன செய்வீர்கள்? திருத்தத்தாலும் அழிக்க முடியாத 'அடிப்படைக் கட்டமைப்பு' என்று சாசனத்தில் ஒரு வரிகூட இல்லை. 13 நீதிபதிகளில் 7 பேர் சொன்னது. அது இல்லை என்றால் 42-ஆவது திருத்தம் 368-இல் சேர்த்த 'எந்தத் திருத்தத்தையும் எந்த நீதிமன்றமும் கேட்கக் கூடாது' என்ற வரி இன்றும் இருந்திருக்கும். 1980 மினர்வா மில்ஸ் தீர்ப்பில்தான் அது போனது.

விளவங்கோட்டான்:
அதை நானும் ஏற்கிறேன். ஜெர்மனிக்காரர்கள் 1949-லேயே 79-ஆம் பிரிவில் எதைத் தொடக் கூடாது என்று எழுதியே வைத்தார்கள். நாம் எழுதவில்லை, நீதிமன்றம் சொல்ல வேண்டியதாயிற்று. ஆனால் அழிப்பதைத் தடுப்பது வேறு, புதிதாக ஒரு விதியை எழுதிச் சேர்ப்பது வேறு. 2015-ல், நீதிபதி நியமனத்துக்கு ஆணையம் அமைத்த 99-ஆவது திருத்தத்தை 4-1 என்று ரத்து செய்தது எனக்கு இன்னும் உறுத்துது. பாதிக்கும் மேற்பட்ட மாநிலங்கள் ஒப்பிய திருத்தம் அது. நீதிபதிகளை யார் நியமிப்பது என்பதை நீதிபதிகளே தீர்த்துக்கொண்டார்கள்.

வேளிமலை:
இரண்டு பேரும் ஒரு இடத்தைத் தாண்டிப் போகிறீர்கள். எண் எழுதுவதால் மட்டும் சாசனம் உறையாது. அந்த எண்ணுக்கு முன்னால் என்ன சொல் இருக்கிறது என்று பாருங்கள்.

இரண்டாவது அட்டவணையில் குடியரசுத் தலைவருக்கு மாதம் 10,000 ரூபாய் என்று இன்றும் அச்சில் இருக்கிறது. ஆனால் அவர் வாங்குவது 5 லட்சம். எப்படி? 59(3)-ஆம் பிரிவு 'நாடாளுமன்றம் சட்டத்தால் வகைசெய்யும் வரையில்' இந்தத் தொகை என்கிறது. ஆகவே சாதாரணச் சட்டமே போதும். நீதிபதிகள் சம்பளத்துக்கு இந்த வரி இல்லை. அதை உயர்த்த 1986-ல் 54-ஆவது திருத்தம் வேண்டியிருந்தது. அப்போது தொகையை உயர்த்தியதோடு நிற்காமல், 125, 221 பிரிவுகளில் இனி நாடாளுமன்றமே சட்டத்தால் தீர்மானிக்கலாம் என்றும் சேர்த்துவிட்டார்கள். அதன் பிறகு சம்பளத்துக்காக சாசனத்தைத் தொட வேண்டியதில்லை.

290-ஏயில் அந்த வரி விட்டுப்போயிற்று. சிக்கல் முழுக்க இதிலிருந்துதான் வருகிறது.

இன்னொன்று. 13.5 லட்சத்துக்கு மேல் தரக் கூடாது என்று 290-ஏ சொல்லவில்லை. கூடுதல் தொகையை மாநில அரசு வரவுசெலவுத் திட்டத்தில் மானியமாகத் தரலாம். வித்தியாசம் 203-ஆம் பிரிவில் இருக்கிறது. 13.5 லட்சம் தொகுநிதியின் மீது சார்த்தப்பட்ட செலவு. அவையில் பேசலாம், வாக்கெடுக்க முடியாது. கூடுதல் தொகை மானியக் கோரிக்கையாக ஆண்டுதோறும் வாக்குக்கு வரும். அடுத்த வருஷம் குறையலாம், இல்லாமலும் போகலாம்.

பழையாறு:
இது சரியான இடம். அப்படியானால் நிலத்தைப் பார்த்தால் இன்னும் வேதனை. சாசனத்தின் 3-ஆம் பிரிவில் மாநில எல்லையை மாற்ற சாதாரணப் பெரும்பான்மை. 4-ஆம் பிரிவு அதைத் திருத்தமே அல்ல என்கிறது. மாநில சட்டமன்றத்திடம் கருத்து கேட்க வேண்டும், கட்டுப்பட வேண்டாம். 2014 ஜனவரியில் ஆந்திர சட்டமன்றம் தெலங்கானா மசோதாவை நிராகரித்தது. பிப்ரவரியில் நாடாளுமன்றம் நிறைவேற்றியது. நாலு தாலுகாவை நகர்த்துவது சுலபம், 13.5 லட்சத்தை நகர்த்துவது கடினம்.

விளவங்கோட்டான்:
1956-ல் அந்தச் சுலபம் இல்லையென்றால் நாம் இங்கே வந்திருப்போமா, அண்ணாச்சி? திருவிதாங்கூர்-கொச்சி சட்டமன்றத்தின் சம்மதம் கட்டாயம் என்று இருந்தால் நம்ம நாலு தாலுகாவும் அங்கேயே கிடந்திருக்கும். தமிழகத்தோடு சேரக் கேட்டுப் போராடியவர்கள் மீது நடந்த 1954 ஆகஸ்ட் 11 துப்பாக்கிச் சூட்டுக்குப் பிறகும் கிடந்திருக்கும். அந்த எளிய வாசலை நான் குறை சொல்ல மாட்டேன்.

290-ஏக்கு என் வரைவு இது: தொகைக்கு முன்னால் 'மாநிலச் சட்டமன்றம் சட்டத்தால் வேறு தொகை நிர்ணயிக்கும் வரையில்' என்று ஒரு வரி. தனிநபர் மசோதாவாகவே நம்ம நாடாளுமன்ற உறுப்பினர் கொண்டுவரலாம், ஒரு மாத முன்னறிவிப்பு போதும். 1970-க்குப் பிறகு தனிநபர் மசோதா எதுவும் சட்டமாகவில்லை என்பது தெரியும். விவாதத்துக்கு வந்தால் அரசு தானே எடுத்துக்கொள்ள வழி பிறக்கும்.

பழையாறு:
அந்த வரியில் 'வேறு தொகை' என்றால் குறைந்த தொகையும் ஆகலாம். சட்டமன்றம் ஒரு நாளில் அதை ஆயிரம் ரூபாய் ஆக்கினால்? 'இதற்குக் குறையாத வேறு தொகை' என்று போடுங்கள், நான் கையெழுத்துப் போடுகிறேன்.

வேளிமலை:
'குறையாத' என்பதை நீங்கள் சேர்த்தால் அந்தத் தொகை இனி ஏறலாம், இறங்காது. அதைச் சாசனத்தில் கட்டிவைப்பது சட்டமன்றத்துக்கு ஏற்புடையதா என்பதைத்தான் இனி பேச வேண்டும். மாற்றிவந்த பகுதியில் செங்கோட்டையும் உண்டு. வரைவில் 'கன்னியாகுமரி மாவட்டம்' என்று எழுதிவிடாதீர்கள், அந்தக் கோயில்கள் விட்டுப்போகும்.