சின்கோபி: ‘மயக்கம்’ போதாது, ‘மூர்ச்சை’ வைப்போம்

அன்பு நண்பர்களுக்கு,

சின்கோபி (syncope) என்ற மருத்துவச் சொல்லுக்குத் தமிழில் ‘மயக்கம்’ என்றே வைத்துவிடலாம், எல்லோருக்கும் புரியும் என்று முந்தைய மடலில் ஒருவர் எழுதியிருந்தார். புரியும்தான், ஆனால் ஆளுக்கொரு விதமாகப் புரியும். ‘மயக்கமா வருது டாக்டர்’ என்று ஒருவர் வந்தால் தலைசுற்றலா, தள்ளாட்டமா, வெறும் அசதியா, நினைவு தப்பி விழுந்தாரா என்று கேட்டுப் பிரிக்கவே நேரம் போகிறது. அறுவை அரங்கில் கொடுப்பதும் மயக்கம்தான். இலக்கணத்திலோ மெய்ம்மயக்கம், திணைமயக்கம் என்று அது வேறு வேலை செய்கிறது.

நமக்கு வேண்டிய பொருள் குறுகியது: மூளை முழுவதற்கும் போகும் ரத்தம் சட்டென்று குறைந்து நினைவு தப்புவது, சற்று நேரத்தில் தானாகவே முழுதும் தெளிவது. சர்க்கரை தாழ்ந்து நினைவு போவது இதில் சேராது, வலிப்பும் சேராது. ரத்தம் குறைந்து விழுந்தவருக்கும் சில நொடி கைகால் வெட்டி இழுக்கலாம். பார்த்தவர்கள் வலிப்பென்று சாவிக்கொத்தைக் கையில் திணித்துத் தூக்கி வருவார்கள். நாக்கின் ஓரத்தில் கடிபட்டிருக்கிறதா, விழித்தபின் வெகுநேரம் குழம்பியிருந்தாரா என்று விசாரித்தால் பெரும்பாலும் வேறுபாடு தெரிந்துவிடும்.

ஆகவே என் பரிந்துரை ‘மூர்ச்சை’. வடசொல் என்ற மறுப்பை மதிக்கிறேன். ஆனால் மாற்றாக வந்த ‘குறுநேர நினைவிழப்பு’ மூர்ச்சை, வலிப்பு இரண்டையும் அடக்கும் பெரிய வகைக்குத் தேவைப்படும்.

உட்பிரிவுகள் எளிது. ஊசியைக் கண்டோ, புழுக்கத்தில் நெடுநேரம் நின்றோ விழுவது அனிச்சை மூர்ச்சை. எழுந்து நின்ற 3 நிமிடத்துக்குள் ரத்த அழுத்தத்தின் மேல் அளவு 20 அல்லது கீழ் அளவு 10 மி.மீ. (பாதரசம்) இறங்கினால் அது நிமிர்நிலை அழுத்தத் தாழ்வு. அதனால் விழுந்தால் நிமிர்நிலை மூர்ச்சை. உயிருக்கு ஆபத்தானது இதய மூர்ச்சை. ஓடும்போதோ படுத்திருக்கும்போதோ விழுந்தவர், விழுமுன் படபடத்தவர், குடும்பத்தில் இளவயதில் திடீர் மரணம் கண்டவர் ஆகியோரிடம் இதைத்தான் முதலில் சந்தேகிக்க வேண்டும். மூர்ச்சையான எல்லோருக்கும் ஈசிஜி எடுக்க வேண்டும். டிஸ்சார்ஜ் சீட்டில் வெறுமனே ‘மயக்கம்’ என்று எழுதினால் அடுத்துப் பார்க்கும் மருத்துவருக்கு இவற்றில் எதுவும் போய்ச் சேராது.

விழுவதற்கு முந்தைய நிலைக்குக் ‘கண்ணிருட்டல்’ போதும், மக்கள் சொல்வதும் அதுதான். ‘கண் இருட்டினால் உடனே படுத்துக் காலை உயர்த்துங்கள்’ என்றால் விளக்கமே தேவையில்லை.

மூர்ச்சையின் காரணத்தைக் கண்டறிய உதவும் டில்ட் டேபிள் டெஸ்டுக்கு ‘சாய்மேசைச் சோதனை’ என்று எழுதி வருகிறேன். படுத்திருப்பவரை 60–70 பாகை நிமிர்த்துவதால் ‘நிமிர்மேசை’ பொருந்துமா? கருத்துச் சொல்லுங்கள்.