‘சப்ஸ்ட்ரேட்’ மொழிக்கு ஒரு தமிழ்ச்சொல்: ‘கீழடுக்கு’ வேண்டாம்

அன்பர்களுக்கு வணக்கம்.

வேதமொழியைக் கொண்டுவந்த பழைய இந்தோ-ஆரியர் எந்த வழியாக வந்தார்கள், அவர்கள் மொழி எப்படிப் பரவியது என்று, பள்ளி முடித்த பிள்ளைகளுக்காக ஒரு கட்டுரை எழுதிக்கொண்டிருக்கிறேன். ‘சப்ஸ்ட்ரேட்’ என்ற ஒரு சொல்லில் மூன்று நாளாக நிற்கிறேன். ஒரு நிலத்தில் முன்பே வாழ்ந்த மக்கள், பிறகு வந்த மொழிக்கு மாறிவிடுகிறார்கள். அவர்கள் கைவிட்ட மொழியின் ஒலியும் சொல்லும் வாக்கியப் போக்கும் புதிய மொழிக்குள் தங்கிவிடுகின்றன. கைவிடப்பட்ட அந்த மொழிக்குத்தான் பெயர் தேடுகிறேன்.

‘கீழடுக்கு மொழி’ என்று எழுதிப் பார்த்தேன், மனம் ஒப்பவில்லை. கீழ், மேல் என்றாலே நம் சமூகத்தில் வேறு அர்த்தம் வந்து ஒட்டிக்கொள்ளும். தோற்றவர் பேசிய மொழி, ஏவல் செய்தவர் மொழி என்று படிப்பவர் முடிவு கட்டிவிடுவார். ரிக் வேதத்துக்குள் போய்ப் பார்த்தால் நிலைமை அவ்வளவு எளிதல்ல. மயிலுக்கு ‘மயூர’, கலப்பைக்கு ‘லாங்கல’, கதிரடிக்கும் களத்துக்கு ‘கல’. இவை வேதப் பாடல்களிலேயே இருக்கின்றன, வேதமொழி சேர்ந்த இந்தோ-ஐரோப்பிய மொழிக் குடும்பத்தின் வேர்களால் இவற்றை விளக்குவது கடினம். இப்படிப்பட்ட ஏறக்குறைய 380 சொற்களை டச்சு அறிஞர் குய்ப்பர் 1991-ல் தொகுத்துக் காட்டினார். ட, ண போன்ற நாவளை ஒலிகள் (நாவை வளைத்துச் சொல்பவை) உறவுமொழியான, பழைய ஈரானியப் புனித நூலான அவெஸ்தாவின் மொழியில் இல்லை, வேதமொழியில் உண்டு. (இந்த ஒலிகள் உள்ளிருந்தே வளர்ந்தவை என்போரும் உண்டு, கட்டுரையில் அதையும் சொல்வேன்.) பிறர் கூற்றைச் சொல்லி முடித்து ‘இதி’ என்று நிறுத்துவதைப் பாருங்கள், நாம் ‘என்று’ போடுகிற அதே இடம்.

கலப்பையின் பெயர் வெறும் கடனாகவும் வரலாம். பேசுகிற முறையே மாறுகிறது என்றால், பழைய மொழியில் வளர்ந்தவர்கள் புதிய மொழியைத் தம் வாயில் எடுத்துப் பேசியிருக்க வேண்டும், அவர்கள் பிள்ளைகள் அப்படியே கற்றிருக்க வேண்டும். புனிதமான பாடலுக்குள்ளேயே இடம் பிடித்த ஒன்றைக் ‘கீழ்’ என்று எப்படிச் சொல்வது?

என் பரிந்துரை: உள்ளுறை மொழி. சங்கப் பாட்டில் மேலே ஒரு காட்சி, உள்ளே ஒரு பொருள் இருப்பதுபோல, மேலே ஒரு மொழி, உள்ளே இன்னொன்று. கருத்துச் சொல்லுங்கள்.

* * *

மறுமொழி 1

> என் பரிந்துரை: உள்ளுறை மொழி.

ஐயா, ‘கீழ்’ கூடாது என்பதில் உங்களோடு முழுக்க உடன்படுகிறேன். ‘உள்ளுறை’ எனக்கு இரண்டு காரணங்களால் பொருந்தவில்லை. உள்ளுறை புலவன் வேண்டுமென்றே வைப்பது, மொழிக்கலப்பை யாரும் திட்டமிட்டு வைப்பதில்லை. இதைக்கூட விட்டுவிடலாம். பெரிய சிக்கல் மித்தன்னி.

இன்றைய சிரியாவின் வடபகுதியில் இருந்த மித்தன்னி அரசின் மன்னன் சத்திவாசாவும் இன்றைய துருக்கிப் பகுதியை ஆண்ட ஹிட்டைட் மன்னன் சுப்பிலுலியுமாவும் கி.மு. 14ஆம் நூற்றாண்டில் செய்த உடன்படிக்கையில் வேதத் தெய்வங்களான மித்ர, வருண, இந்திர, நாசத்யர் சாட்சியாக அழைக்கப்படுகிறார்கள். கிக்குலி என்பவரின் குதிரைப் பயிற்சிக் களிமண் ஏட்டில் ஓட்டச் சுற்றுகளுக்கு ‘ஐக-’, ‘தேர-’, ‘பன்ச-’, ‘சத்த-’ என்று எண்கள் வருகின்றன: ஏகம், மூன்று, பஞ்சம், சப்தம். ஆனால் அந்நாட்டு மக்கள் பேசியது ஹுரியன் மொழி. அங்கே வந்த இந்தோ-ஆரியம்தான் தேய்ந்து, அரசர் பெயரிலும் தெய்வப் பெயரிலும் குதிரைக் கலையிலும் மட்டும் ஒட்டி நின்றது.

ஆக, ஹுரியனுக்குள் ‘உள்ளுறைவது’ இந்தோ-ஆரியம், பஞ்சாபில் இந்தோ-ஆரியத்துக்குள் உள்ளுறைவது முந்தையவர் மொழி. இரண்டையும் ஒரே சொல்லால் குறித்தால் பிள்ளைகள் குழம்புவார்கள். யார் முன்பே இருந்தார், யார் பிறகு வந்தார் என்பதைச் சொல் காட்ட வேண்டும். ‘உறைதல்’ என்றால் வாழ்தல் அல்லவா? அதையே வைத்துக்கொண்டு:

முன்பே இருந்து தேய்ந்தது முன்னுறை மொழி. வந்து தேய்ந்தது வந்துறை மொழி. இரண்டும் தேயாமல் பக்கத்திலேயே வாழ்ந்து கொடுத்து வாங்கினால் உடனுறை மொழி. கடைசிச் சொல் தொல்காப்பியத்திலேயே இருக்கிறது.

* * *

மறுமொழி 2

‘முன்னுறை’யைப் பாடம் நடத்தும்போது வாயால் சொல்லிப் பாருங்கள். முன்னுரை என்றுதான் காதில் விழும். வகுப்பில் இருபது வருடம் நின்றவள் சொல்கிறேன், தேர்வுத்தாளிலும் அப்படியே எழுதுவார்கள். முந்துறை மொழி என்று வைத்தால் வந்துறையோடு ஓசையும் சேர்கிறது.

இன்னொன்றையும் கட்டாயம் எழுதுங்கள். இந்தச் சொல் வழக்குக்கு வந்ததும் ‘முந்துறை என்றால் தமிழ்’ என்று நம்மவர்களே சொல்லத் தொடங்குவார்கள். எனக்கும் அந்த ஆசை உண்டு. ஆனால் மிகப் பழைய வேதப் பகுதிகளில் திராவிடச் சொல்லே இல்லை, முண்டா மொழிகளை (சந்தாளி போன்ற, கிழக்கு, நடு இந்தியப் பழங்குடி மொழிகள்) ஒத்த வேறொன்றுதான் இருந்தது என்று சமஸ்கிருத அறிஞர் மைக்கேல் விட்செல் வாதிட்டிருக்கிறார். ‘லாங்கல’வுக்கு நம் நாஞ்சிலோடும் உறவு பேசுகிறார்கள், முண்டாச் சொற்களோடும் பேசுகிறார்கள். செங்கல்லுக்கான ‘இஷ்டகா’, ஒட்டகத்துக்கான ‘உஷ்ட்ர’ இரண்டுக்கும் ஈரானிய மொழிகளிலும் இணை உண்டு. பழைய ஈரானியச் சமயத்தை நிறுவிய ஜரத்துஷ்டிரர் பெயரிலேயே அந்த ஒட்டகம் இருக்கிறது. அப்படியானால் இவை இந்தியாவுக்குள் வருமுன்பே, நடு ஆசியாவில் செங்கல் வீடு கட்டி வாழ்ந்தவர்களிடமிருந்து வந்திருக்கலாம். முந்துறை மொழி ஒன்றல்ல, வழி நெடுக ஒன்றுக்கு மேற்பட்டவை.

* * *

மறுமொழி 3

அம்மா, ஐயா, இருவருக்கும் நன்றி. ‘உள்ளுறை’யை எடுத்துவிட்டேன். மித்தன்னியை நான் கட்டுரையின் வேறொரு பகுதியில் வைத்திருந்தேன், இந்தச் சொல்லோடு சேர்த்துப் பார்க்கவே தோன்றவில்லை. இப்போது இரண்டையும் அடுத்தடுத்து வைக்கிறேன். வரைவு இப்படி வந்திருக்கிறது:

“2019-ல் வெளியான தொல்மரபணு ஆய்வின்படி, ஸ்டெப்பிப் புல்வெளி மக்களின் மரபுக்கூறு கி.மு. 2000-க்கும் 1500-க்கும் இடையில் தெற்காசியாவுக்குள் வந்து, இங்கிருந்தவர்களோடு கலந்தது. அவர்களோடு வந்ததாகக் கருதப்படும் இந்தோ-ஆரியம், வழியில் ஒரு முந்துறை மொழியிடமிருந்து ஒட்டகத்தின் பெயரையும், பஞ்சாபில் வேறு முந்துறை மொழிகளிடமிருந்து மயிலின் பெயரையும் களத்தின் பெயரையும் எடுத்துக்கொண்டது. மித்தன்னியில் அதுவே வந்துறை மொழியாகித் தேய்ந்தது.”

‘எடுத்துக்கொண்டது’ என்பது சரிதானா? மொழி மாறியவர்கள் கூடவே கொண்டுவந்தது அல்லவா அது? அந்த வினைச்சொல்லுக்கு மட்டும் உங்கள் யோசனை வேண்டும்.