சினிமாவின் புனைவைக் காட்டிக்கொடுக்கும் குறும்படங்களை இரண்டாம் முறை பார்க்க என்ன இருக்கிறது?

கேள்வி:
திரையில் ஓடுவது செய்து வைத்த ஒன்று என்று நமக்கு உணர்த்துவதற்காகவே எடுக்கப்பட்ட பரிசோதனைக் குறும்படங்கள் சிலவற்றை அண்மையில் அடுத்தடுத்துப் பார்த்தேன். படச்சுருளின் ஓரத்துளைகளும் தூசியும் கீறல்களுமே படமாக வருவதை முதல் முறை வியப்போடு ரசித்தேன். ஆனால் செய்தி புரிந்துவிட்ட பிறகு, முடிச்சவிழ்ந்த விடுகதையை மீண்டும் கேட்பதுபோல் இருக்கிறது. இவற்றில் அதற்கு மேல் ஏதேனும் உண்டா?

மறுமொழி 1:
பிரிட்டிஷ் பரிசோதனைப் பட இயக்குநர் ஜான் ஸ்மித் 1976இல் எடுத்த ‘தி கேர்ள் சூயிங் கம்’ படத்தைப் பார்த்தீர்களா? லண்டன் தெரு ஒன்றில் மக்கள் தம்பாட்டுக்கு நடந்து போகிறார்கள். பின்னாலிருந்து ஒரு குரல், இயக்குநரைப்போல, இவரை வரச்சொல்கிறது, அவரைத் திரும்பச்சொல்கிறது. குரல் பின்னர் சேர்க்கப்பட்டது என்பது சற்று நேரத்தில் புரிந்துவிடும், அதுவும் கடிகாரத்தையே தன்னை நோக்கி நகரும்படி குரல் ஆணையிடும்போது ஐயத்துக்கே இடமில்லை. அப்படியிருந்தும், அது யாரைச் சொல்கிறதோ அவரையே நம் கண் தேடிப்போகிறது. பொய் என்று அறிவதும் அதற்குக் கட்டுப்படுவதும் ஒரே நேரத்தில் நிகழ்வதை, முடிச்சு முன்பே தெரிந்த இரண்டாம் பார்வையில்தான் தெளிவாகக் கவனிக்க முடியும்.

மறுமொழி 2:
முன்னவர் சொன்னது குரலை வைத்து எடுத்த படத்துக்குப் பொருந்தும்; கேட்டவர் குறிப்பிட்டதோ தூசியும் கீறலும். கொரியாவில் பிறந்த கலைஞர் நாம் ஜூன் பைக் 1960களில் செய்த ‘ஜென் ஃபார் ஃபிலிம்’ எதுவும் பதிவாகாத வெற்றுப் படச்சுருள். ஒவ்வொரு முறை புரொஜெக்டரில் ஓடும்போதும் அதில் புதிய தூசி ஒட்டுகிறது, புதிய கீறல் விழுகிறது. ஆகவே இரண்டாம் முறை திரையில் விழுவது முதல் முறை விழுந்த படமே அன்று. கணினியில் பார்ப்பவருக்கு இது கிட்டாது, ஏனெனில் அங்கே ஒரு நாள் விழுந்த தூசி அப்படியே உறைந்து நிற்கிறது. நான் 16 மி.மீ. புரொஜெக்டர் ஓட்டிப் பழகியவன். அதில் ஒலித்தடம், அதாவது சுருளின் ஓரத்தில் ஒலி பதிந்த பட்டை, உரிய பிம்பத்துக்கு 26 சட்டகங்கள் முன்னால் இருக்கும்; சுருள் விளக்கைக் கடந்த பிறகே ஒலியைப் படிக்கும் பகுதியை அடைகிறது. அதனால் சுருள் அறுந்து ஒட்டுப்போட்ட இடம் முதலில் திரையில் துள்ளும், ஒரு நொடிக்குச் சற்றுக் கூடுதலாகக் கழித்தே ஒலிபெருக்கி ‘டப்’பென்று வெடிக்கும். எந்த இயக்குநரும் திட்டமிடாத அந்த இடைவெளியை எத்தனை முறை கேட்டும் எனக்குச் சலித்ததில்லை.

கேட்டவர்:
நான் எல்லாவற்றையும் கணினியில்தான் பார்த்தேன் என்பதை ஒப்புக்கொள்கிறேன். தூசிப் படங்களைப் பற்றிய என் குறையை, சுருளாக ஓடிப் பார்க்கும்வரை நிறுத்திவைக்கிறேன். ஸ்மித்தின் படத்தை நேற்றிரவு மீண்டும் போட்டு, குரலுக்குக் கட்டுப்படக்கூடாது என்று முடிவுசெய்துகொண்டே பார்த்தேன். இரண்டு நிமிடம்கூடத் தாக்குப்பிடிக்க முடியவில்லை.