செவ்வழுகல், அசுவினி, இடைக்கணுப்புழு: உங்கள் கரும்பில் என்ன பார்த்தீர்கள்?

விழுப்புரம் பக்கத்து விவசாயி:
ஐப்பசி மழை விட்டதும் எங்கள் கொல்லையில் கரும்பு அங்கங்கே வெளிறியது. உச்சியிலிருந்து மூன்றாவது, நான்காவது தோகை ஓரம் மஞ்சளாகிக் காய்கிறது. மற்றபடி பயிர் பச்சை. யூரியா போடச் சொன்னவர்கள்தான் அதிகம். சித்தப்பா பேசாமல் ஒரு கரும்பை வெட்டி நெடுக்காகப் பிளந்தார். உள்ளே சிவப்பு, நடுநடுவே குறுக்காக வெள்ளைத் திட்டு, புளித்த கள் வாடை. வாடல் நோயிலும் உள்ளே சிவக்கும், ஆனால் அந்த வெள்ளைத் திட்டு இருக்காது. இருந்தால் செவ்வழுகல்தான்.

கடையில் தோகைமேல் தெளிக்க மருந்து கொடுத்தார்கள். பூசணம் தண்டுக்குள் இருக்கிறது, கரணையோடு, அதாவது நட்ட விதைத் துண்டோடு வந்தது. மேலே தெளித்து என்ன ஆகும்? நோய்த் தூர்களை வேரோடு தோண்டி எரித்தோம். குழியில் லிட்டருக்கு 1 கிராம் கார்பன்டசிம் என்ற பூசணக்கொல்லி கலந்து ஊற்றினோம். அதற்குள் தண்ணீர் பாய்ந்த பக்கமாக நோய் நகர்ந்திருந்தது. வெட்டிய கட்டையிலிருந்தே மறுபடி துளிர்க்கும் மறுதாம்பு விடவில்லை, அடுத்து நெல். நல்ல ரகம் என்ற தைரியமும் வேண்டாம்: கோசி 671 சர்க்கரையில் அப்படிப் பேர் வாங்கிய ரகம், அதுவும் இதில்தான் விழுந்தது. உத்தரப் பிரதேசத்தில் கோ 0238 கதையும் அதேதான்.

ஈரோடு பக்கம்:
அண்ணே, சாறு உறிஞ்சும் பஞ்சு அசுவினிப் பூச்சி நினைவிருக்கிறதா? 2002இல் மகாராஷ்டிராவில் கிளம்பி இங்கேயும் வந்ததே. தோகை அடியில் வெள்ளைப் பஞ்சு, கீழ்த்தோகையெல்லாம் தேன்போல் பிசுபிசுத்து அப்புறம் கரி படியும். ஆள் உயரக் கரும்புக்குள் ஸ்பிரேயரைத் தூக்கிக்கொண்டு போவதே பெரும்பாடு. அந்தப் பஞ்சுக்குள்ளேயே டைஃபா என்ற புழு இருந்து அசுவினியைத் தின்னும். மருந்து அடித்தால் முதலில் சாவது அதுதான். புழு இருக்கும் தோகையை நறுக்கி, இல்லாத இடத்துக் கரும்பில் செருகினோம். பொறுமை வேண்டும், ஆனால் அடங்கியது.

கரூர்:
கரும்பின் கணுவிடையைக் குடையும் இடைக்கணுப்புழுவுக்கு நான் டிரைக்கோகிரம்மா அட்டைதான் கட்டுகிறேன். அட்டையில் ஒட்டிய முட்டைகளிலிருந்து குட்டிக் குளவிகள் வந்து புழுவின் முட்டைகளை அழிக்கும். 4ஆம் மாதத்திலிருந்து 15 நாளுக்கு ஒரு முறை, ஏக்கருக்கு 1 சிசி அளவு முட்டை, மொத்தம் ஆறு தடவை. காலையிலேயே தோகையின் அடிப்பக்கம் கட்டிவிட வேண்டும். எறும்பு கண்டால் அட்டையிலுள்ள முட்டையைத் தின்றுவிடும். 5, 7ஆம் மாதங்களில் சோகை, அதாவது காய்ந்த தோகை உரிப்பதை விடாதீர்கள், கூலிதான் கடிக்கும். விழுப்புரத்து அண்ணே, அடுத்த விதைக்கு என்ன செய்கிறீர்கள்?

விழுப்புரம் பக்கத்து விவசாயி:
தம்பி, நோயில்லாத வயலில் விதைக்கென்றே வளர்த்த 6, 7 மாதக் கரும்பு மட்டும். கரணை போடும்போது வெட்டுவாய் சிவந்திருந்தால் அந்தக் கரும்பு முழுவதும் அடுப்புக்கு. ஒரு கணு நல்லாயிருக்கே என்று வெட்டுகிற ஆட்கள் எடுத்து வைப்பார்கள், பக்கத்தில் நின்று பார்த்துக்கொள்ளுங்கள்.