மெய்கோ சதோமுராவை நேரில் பார்த்தவர்கள் எழுதுங்கள்

ஜப்பான் பெண்கள் ரெஸ்லிங் என்றால் நம் ஆட்களில் பலருக்கு அசுகா, இயோ ஸ்கை என்று டிவியில் பார்த்த முகங்கள்தான் நினைவுக்கு வரும். எனக்கு மெய்கோ சதோமுரா. 1995 ஏப்ரலில் 15 வயதுப் பெண்ணாக ரிங்கில் ஏறியவர், 2025 ஏப்ரல் 29-ல் ஓய்வு பெற்றார். முப்பது வருடம். அவர் ஆட்டத்தை நேரில் பார்த்தவர்கள் இங்கே இரண்டு மூன்று பேராவது இருப்பீர்கள். என் கதையை முதலில் சொல்லிவிடுகிறேன்.

டோக்கியோவில் வேலையில் இருந்தபோது ஆபீஸ் நண்பர் ஒருவர் கொராகுவென் ஹாலுக்கு இழுத்துக்கொண்டு போனார். சுய்தோபாஷி ஸ்டேஷனிலிருந்து நடக்கிற தூரம். ஹால் இருப்பது ஐந்தாவது மாடியில். லிஃப்டில் கூட்டம் என்று படியேறினோம். படிக்கட்டுச் சுவர் முழுக்க ரசிகர்களின் கிறுக்கல். யாரும் அழிப்பதில்லை போலிருக்கிறது. உள்ளே நுழைந்ததும் 'இவ்வளவுதானா இடம்?' என்றுதான் தோன்றியது. கடைசி வரிசையில் உட்கார்ந்தாலும் வீராங்கனை மூச்சு வாங்குவது தெரியும்.

அங்கே பேர் சொல்லி அறிவிக்கும்போது வண்ணக் காகிதச் சுருள்களை ரிங்குக்குள் வீசுவார்கள். நண்பர் பையில் ஒரு கட்டு வைத்திருந்தார். நடுவில் இருக்கும் அட்டை உருளையை முன்கூட்டியே உருவி எடுத்துவிட்டுத்தான் எறிய வேண்டுமாம், யார் தலையிலாவது பட்டால் வலிக்கும் என்று. சதோமுராவின் பேரைச் சொன்னதும் நாலு பக்கமிருந்தும் சுருள்கள் பறந்தன. அவர் அசையவில்லை. தோளில் விழுந்ததைக்கூடத் தட்டிவிடாமல் எதிராளியையே பார்த்துக்கொண்டிருந்தார். ரிங்கைச் சுற்றி நின்ற இளம் பெண்கள் ஓடிவந்து நொடியில் எல்லாவற்றையும் வாரிக்கொண்டு போனார்கள். அவர்களும் வீராங்கனைகள்தான். அங்கே புதிதாக வருபவர்களுக்கு இதுவும் பயிற்சியில் சேர்த்தி.

ஆளைப் பார்த்தால் பெரிய உருவம் இல்லை, ஐந்தடி இரண்டு அங்குலம் இருந்தால் அதிகம். ஆனால் எதிராளியின் மணிக்கட்டைப் பிடித்து முறுக்கிய விதத்திலேயே, அவசரப்படவே மாட்டார் என்று புரிந்துவிட்டது. பள்ளியில் ஜூடோ ஆடியவர், அந்தப் பிடி கடைசிவரை அவரை விட்டுப் போகவில்லை.

ஆட்டம் முடிந்து வெளியே வந்தால், அதே அம்மா மேஜை போட்டு டிஷர்ட் விற்றுக்கொண்டிருக்கிறார். 'சென்டாய் கேர்ள்ஸ்' என்ற ரெஸ்லிங் கம்பெனியின் தலைவரே சில்லறை எண்ணித் தருகிறார்! நான் தப்பும் தவறுமாக ஜப்பானியத்தில் ஏதோ சொன்னேன். இரண்டு கையாலும் டிஷர்ட்டை நீட்டிக் குனிந்து வணங்கினார். எனக்குப் பேச்சே வரவில்லை.

*

சென்டாய் நகரில் ஆராய்ச்சிப் படிப்புக்காக இருந்தவள் நான். டோக்கியோக்காரர் பார்த்தது பெரிய மேடை. எங்களுக்கு அவர் உள்ளூர்ப் பிள்ளை மாதிரி. பிறந்தது நீகாதாவில் என்றாலும் சென்டாய் மக்கள் அதைக் கண்டுகொள்வதில்லை.

பழைய கதை கொஞ்சம். அவரை உருவாக்கியவர் சிகுசா நாகாயோ. எண்பதுகளில் 'கிரஷ் கேல்ஸ்' என்ற ரெஸ்லிங் ஜோடியில் ஒருவர். 1985-ல் ஒசாகாவில், தோற்றவருக்கு மொட்டை என்ற பந்தயத்தில் டம்ப் மாட்சுமோட்டோவிடம் தோற்று, நடு ரிங்கில் அவருக்கு மொட்டை அடித்தபோது கூடியிருந்த பள்ளிப் பெண்கள் ஓவென்று கதறினார்களே, அந்த நாகாயோதான். அவர் தொடங்கிய காயியா என்ற ரெஸ்லிங் நிறுவனத்தின் முதல் நிகழ்ச்சியில்தான் சதோமுரா அறிமுகம். 2001 டிசம்பரில் ஆஜா காங்கை வீழ்த்தி அந்நிறுவனத்தின் சாம்பியன் பெல்ட்டை வாங்கினார். ஆஜா காங் எடை நூறு கிலோ, கூடவே ஆளை அடிக்கத் தகர டப்பாவும் கொண்டுவருவார் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

2005-ல் காயியா மூடப்பட்டது. வேறு எந்த நிறுவனமும் அவரைக் கூப்பிட்டு எடுத்திருக்கும். டோக்கியோவை விட்டு சென்டாய்க்கு வந்து, ரெஸ்லர் ஜின்செய் ஷின்சாகியோடு சேர்ந்து 'சென்டாய் கேர்ள்ஸ்' ஆரம்பித்தார். 2006 ஜூலையில் முதல் நிகழ்ச்சி. ஐந்தே வருடத்தில் 2011 மார்ச் 11 நிலநடுக்கமும் சுனாமியும். ஊரே சிதைந்து கிடக்கும்போது ரெஸ்லிங் பார்க்க யார் வருவார்கள்? வீராங்கனைகள் பலர் விலகிப் போனார்கள். இழுத்து மூடாமல், பொறுப்பைத் தன் தலையில் போட்டுக்கொண்டார். பெல்ட்டுகளை எல்லாம் விட எனக்கு இதுதான் பெரிதாகத் தெரிகிறது.

நான் போனது கொரோனா காலத்தில். கத்தக் கூடாது, கைதட்டல் மட்டும். அப்போதுதான் ஒன்று கவனித்தேன். கூச்சல் இல்லாததால் அவர் விடும் உதை ஒவ்வொன்றின் சத்தமும் தனியாகக் கேட்டது. 'பட்' என்று ஒன்று நெஞ்சில் விழும், எதிராளி "உஹ்" என்பார், அப்புறம் அமைதி. பக்கத்தில் இருந்த பாட்டி ஒவ்வொரு உதைக்கும் தன் முழங்காலைப் பிடித்துக்கொண்டார். இதெல்லாம் முன்கூட்டியே பேசிவைத்த நாடகம்தானே என்பவர்களை அந்த ஹாலில் ஒரு பத்து நிமிடம் உட்கார வைக்க வேண்டும்.

*

நான் நேரில் பார்த்ததில்லை, போனில்தான். கோயம்புத்தூரில் இருந்துகொண்டு வேறெப்படிப் பார்ப்பது? 2018-ல் அமெரிக்க நிறுவனமான டபிள்யூடபிள்யூஈ நடத்திய மே யங் கிளாசிக் என்ற பெண்கள் போட்டியில் அரையிறுதி வரை வந்து டோனி ஸ்டார்மிடம் தோற்றார். 2021 ஜூனில் கே லீ ரேயை வென்று அதே நிறுவனத்தின் பிரிட்டன் பிரிவான என்எக்ஸ்டி யூகே பெல்ட்டை எடுத்தபோது வயது 41. அந்த வயதுக்காரரைப் பெரும்பாலும் பழைய நினைவுக்காகத்தான் கூட்டிவருவார்கள். இவர் சாம்பியனாகவே இருந்தார். ஆனால் டபிள்யூடபிள்யூஈ இன்னும் பத்து வருடம் முன்னாலேயே கூப்பிட்டிருக்கலாம் என்ற ஆதங்கம் எனக்குப் போகாது. சென்டாய் அக்கா சண்டைக்கு வராதீர்கள்.

*

சண்டைக்குத்தான் வருகிறேன். பத்து வருடம் முன்னால் போயிருந்தால் சென்டாய் கேர்ள்ஸை யார் பார்த்துக்கொண்டிருப்பார்கள்? சிஹிரோ ஹாஷிமோட்டோ போன்றவர்கள் எங்கே வளர்ந்திருப்பார்கள்?

*

நான் மறுபடி, டோக்கியோக்காரன். கடைசி ஆட்டமும் அதே கொராகுவென் ஹாலில்தான். எதிர்ப்பக்கம் ஆஜா காங்கும், இப்போது பேச்சில் வந்த ஹாஷிமோட்டோவும். எனக்கு டிக்கெட் கிடைக்கவில்லை, பிறகு வீடியோவில்தான் பார்த்தேன். உள்ளே போய்ப் பார்த்தவர் யாராவது இருந்தால் தயவுசெய்து விரிவாக எழுதுங்கள். முக்கியமாக, ஆஜா காங் உள்ளே வந்தபோது ஹால் எப்படி இருந்தது என்று சொல்லுங்கள்.