டால்கிளிஷ் பெரிய ஆட்டக்காரர் என்பது சரி, பெரிய மேலாளர் என்பது சரியா?
(கால்பந்து ரசிகர்கள் மூவர் புனைபெயர்களில் எழுதிய விவாதம்)

காப்பரண்:
ஸ்காட்லாந்தின் கென்னி டால்கிளிஷ் கால்பந்து ஆட்டக்காரராக எட்டிய உயரத்தில் எனக்கு ஐயமே இல்லை. 1951இல் கிளாஸ்கோவில் பிறந்து, சிறுவயதில் அந்நகரின் ரேஞ்சர்ஸ் கழகத்தின் ரசிகராக இருந்து, அதன் பரம எதிரியான செல்டிக்கில் மேலாளர் ஜாக் ஸ்டீனிடம் ஆட்டம் கற்றவர் அவர். 1977இல் கெவின் கீகன் விட்டுச்சென்ற இடத்துக்கு இங்கிலாந்தின் லிவர்பூல் கழகம் அவரை 4,40,000 பவுண்டு கொடுத்து வாங்கியது. அடுத்த ஆண்டே ஐரோப்பியக் கோப்பை இறுதிப் போட்டியில் பெல்ஜியத்தின் புரூக் அணிக்கு எதிரான ஒரே கோலை அவர் அடித்தார். ஸ்காட்லாந்துக்காக 102 ஆட்டங்களில் 30 கோல்கள்.

என் மறுப்பு அவருடைய மேலாளர் வாழ்க்கையைப் பற்றியது. 1985இல் அவர் கைக்கு வந்த லிவர்பூல், முந்தைய மேலாளர்களான ஷாங்க்லி எழுப்பி, பெய்ஸ்லி வளர்த்து, ஃபேகன் காத்துத் தந்த வீடு. பிறகு அவர் நடத்திய பிளாக்பர்ன் கழகத்தில் எஃகுத் தொழிலதிபர் ஜாக் வாக்கரின் பணம் துணை நின்றது. அதற்கும் பின்னர் நியூகாசில் கழகத்தில் அவரே முழுமையாக நடத்திய ஒரே பருவத்தில் அணி 13ஆம் இடத்துக்குச் சரிந்தது. முதல் வரிசை மேலாளர்களோடு அவரைச் சேர்ப்பது மிகை என்றே கருதுகிறேன்.

நடுக்களம்:
நண்பர் காப்பரண் சொல்லும் அந்த வீடு 1985இல் எந்த நிலையில் இருந்தது என்பதைச் சேர்த்துப் பார்க்க வேண்டும். லிவர்பூல் ஆடிய ஐரோப்பியக் கோப்பை இறுதிப் போட்டியின்போது பிரஸ்ஸல்ஸின் ஹெய்சல் மைதானத்தில் ரசிகர்கள் 39 பேர் இறந்த மறுநாள் பொறுப்பேற்ற டால்கிளிஷுக்கு அப்போது வயது 34. மேலாளராக ஒரு நாள் அனுபவம்கூட இல்லை. ஆங்கிலக் கழகங்கள் ஐரோப்பியப் போட்டிகளிலிருந்து விலக்கப்பட்டிருந்தன, முந்தைய பருவத்தில் லிவர்பூல் ஒரு கோப்பையும் வெல்லவில்லை, லீக் பட்டம் அதே நகரத்து எதிரியான எவர்டனிடம் இருந்தது. அந்த நிலையில் தானும் விளையாடிக்கொண்டே அணியை நடத்தி, 1986 மே மாதம் செல்சிக்கு எதிராகப் பந்தை மார்பில் தாங்கி அவரே அடித்த கோலால் லீக்கை வென்று, அடுத்த வாரம் எஃப்.ஏ. கோப்பையையும் வென்றார்.

அதைவிட எனக்குப் பெரிதாகத் தோன்றுவது 1987. கோலடிக்கும் இயன் ரஷ் இத்தாலியின் யுவென்டஸுக்குப் போனதை ஈடுகட்ட, வாட்ஃபோர்டிலிருந்து ஜான் பார்ன்ஸ், நியூகாசிலிலிருந்து பீட்டர் பியர்ட்ஸ்லி, ஆக்ஸ்ஃபோர்டிலிருந்து ஜான் ஆல்ட்ரிட்ஜ், ரே ஹௌட்டன் என்று முன்வரிசையையே புதிதாகக் கட்டினார். அந்த அணி பருவத்தின் முதல் 29 லீக் ஆட்டங்களில் தோற்கவில்லை. 40 ஆட்டங்களில் தோற்றவை இரண்டே. இது பெய்ஸ்லி விட்டுச்சென்ற அணி அன்று. பந்தைக் காலில் வைத்துக்கொண்டு எதிராளியைத் தாண்டிச் செல்லும் பார்ன்ஸைப் போன்ற ஒருவர் பழைய லிவர்பூலில் அரிது. ஐந்து முழுப் பருவங்களில் அவர் பெற்ற இடங்கள் 1, 2, 1, 2, 1. இதற்கு மேல் என்ன சான்று வேண்டும்?

காப்பரண்:
1987ஐப் பற்றி நீங்கள் சொல்வதை ஏற்கிறேன். அந்த அணி அவருடையதுதான். ஆனால் அடுத்தவருக்கு எதை விட்டுச்சென்றார் என்பதும் மேலாளரின் கணக்கில் சேர வேண்டும். 1991 ஜனவரியில் அவர் வாங்கியவர்களில் இருவர் டேவிட் ஸ்பீடியும் ஜிம்மி கார்ட்டரும். முக்கிய ஆட்டக்காரர்கள் பலர் முதுமை எய்திக்கொண்டிருந்தார்கள். பிப்ரவரியில், லீக்கில் முதலிடத்தில் இருந்த அணியைப் பருவத்தின் நடுவில் விட்டுவிட்டுப் போனார். 1990க்குப் பிறகு அடுத்த லீக் பட்டத்துக்கு லிவர்பூல் 2020 வரை காத்திருந்தது. அந்தச் சரிவின் தொடக்கம் யாருடைய காலத்தில் நிகழ்ந்தது?

பழைய மைதானம்:
இவ்வளவு நேரம் வாசித்துக்கொண்டு மட்டும் இருந்தேன். “விட்டுவிட்டுப் போனார்” என்ற சொல் என்னை எழுத வைத்தது.

1971இல் கிளாஸ்கோவில் ரேஞ்சர்ஸின் இப்ராக்ஸ் மைதானப் படிக்கட்டில் 66 பேர் நசுங்கி இறந்த நாளில் இளம் டால்கிளிஷ் அங்கே இருந்தார். ஹெய்சலில் களத்தில் இருந்தார். 1989 ஏப்ரல் 15 அன்று ஷெஃபீல்டின் ஹில்ஸ்பரோ மைதானத்தில் லிவர்பூல் ரசிகர்கள் நெரிசலில் நசுங்கியபோது அணியின் மேலாளராக இருந்தார். அந்தப் பேரிடர் பறித்த உயிர்கள் 97. அதன் பிறகு அவர் எத்தனையோ இறுதிச் சடங்குகளுக்குச் சென்றார். ஒரே நாளில் நான்குக்குச் சென்றதும் உண்டு. பிள்ளைகளைப் பறிகொடுத்த பெற்றோருக்கு லிவர்பூலின் மைதானமான ஆன்ஃபீல்டின் கதவுகள் திறந்திருந்தன, அவரும் மனைவி மரீனாவும் அவர்களோடு உட்கார்ந்திருந்தார்கள். இவற்றையெல்லாம் செய்துகொண்டேதான் ஆட்டக்காரர்களையும் தேற்றி, அடுத்த மாதம் எஃப்.ஏ. கோப்பையையும் வென்றார். அவரை யார் தேற்றினார்கள்?

1991 பிப்ரவரி 20 அன்று எவர்டனுக்கு எதிரான 4-4 ஆட்டத்தில் லிவர்பூல் நான்கு முறை முன்னிலை பெற்று நான்கு முறையும் அதை இழந்தது. தற்காப்பில் ஒரு மாற்றம் செய்தாக வேண்டும் என்று தெரிந்தும் தன்னால் அதைச் செய்ய முடியவில்லை என்று அவரே பின்னர் கூறியிருக்கிறார். இரண்டு நாளில் பதவி விலகினார். எதைச் செய்ய வேண்டும் என்று அறிந்தும் உடலும் மனமும் இசையாத நிலையில் ஒருவர் நாற்காலியைப் பிடித்துக்கொண்டிருப்பதுதான் அணிக்குக் கேடு. அன்றைய கால்பந்து உலகில் இத்தகைய துயரத்துக்கு மருந்தும் இல்லை, அதைப் பேசுவதற்குச் சொல்லும் இல்லை.

காப்பரண்:
அந்தச் சொல்லைத் திரும்பப் பெறுகிறேன். வயதான அணி என்ற என் வாதம் நிற்கிறது. அவர் போன விதத்தைக் குற்றமாக வைத்தது தவறு. பிளாக்பர்னைப் பற்றி யாரும் பதில் சொல்லவில்லையே?

நடுக்களம்:
சொல்கிறேன். 1991 அக்டோபரில் அவர் சேர்ந்தபோது பிளாக்பர்ன் இரண்டாம் நிலைப் பிரிவில் இருந்தது. அதற்கு முன் அவர்கள் லீக்கை வென்ற ஆண்டு 1914. முதல் பருவத்திலேயே மேலே ஏறி, பிறகு நான்காம், இரண்டாம், முதல் இடங்களைப் பெற்றார்கள். வாக்கரின் பணம் இல்லாமல் இது நடந்திருக்காது, உண்மை. ஆனால் கோலடிப்பதில் பேர்பெற்ற ஆலன் ஷியரரை மான்செஸ்டர் யுனைடெட்டும் விரும்பியது. அவர் பிளாக்பர்னுக்கு வந்ததற்குக் காசோலையோடு சேர்ந்து டால்கிளிஷ் என்ற பெயரும் காரணம்.

நியூகாசிலைப் பற்றி உங்களோடு உடன்படுகிறேன். ஃபெர்டினாண்டும் ஜினோலாவும் வெளியேற, ஷியரரும் காயத்தில் படுக்க, முப்பதைத் தாண்டிய ரஷ்ஷையும் பார்ன்ஸையும் அழைத்து வந்தது சரியான விடையாகவில்லை. பார்சிலோனாவை 3-2 என்று வென்ற இரவு ஒன்றே அந்தக் காலத்தில் எஞ்சுகிறது.

காப்பரண்:
அப்படியானால் 2011இல் லிவர்பூலுக்குத் திரும்பி ஆண்டி கேரோலுக்கு 3.5 கோடி பவுண்டு கொடுத்ததையும் அதே பக்கத்தில் எழுதிக்கொள்ளுங்கள். லீக் கோப்பை கிடைத்தது, ஆனால் லீக்கில் எட்டாம் இடம்.

நடுக்களம்:
எழுதிக்கொள்கிறேன், ஆனால் அதே நாளில் கையெழுத்திட்ட இன்னொருவரையும் சேர்த்து எழுதுவேன்: லூயிஸ் சுவாரஸ். 2013-14 பருவத்தில் அவர் 31 லீக் கோல்களை அடித்து அணியைப் பட்டத்தின் வாசல்வரை கொண்டுபோனார். அப்போது டால்கிளிஷ் பதவி இழந்து இரண்டு ஆண்டுகள் ஆகியிருந்தன.